அழியாதது என்று பெயர் வைத்தவர்: சிமெண்ட் ஷீட்டைக் கண்டுபிடித்த லுட்விக் ஹாட்செக்

அருப்புக்கோட்டையிலிருந்து திருச்சுழி போகும் வழியில் கூரைகளைக் கவனித்துப் பாருங்கள். மாட்டுக்கொட்டகை, தறிக்கூடம், பழைய வீட்டின் தாழ்வாரம் என்று எங்கே பார்த்தாலும் சாம்பல் நிற அலை ஷீட் கண்ணில் படும். ஊரில் இதற்கு ஆஸ்பெஸ்டாஸ் ஷீட், கல்நார் ஷீட், சிமெண்ட் ஷீட் என்று மூன்று பேர். இப்போது அதன் சொந்தக்காரன் ஒருத்தன் சுவருக்கும் வந்திருக்கிறான். அப்பா காலத்துச் செங்கல் வீட்டைப் புதுப்பிக்கிறவர்கள், பூச்சு உதிர்ந்த சுவரைத் திரும்பப் பூசாமல், அதன் மேலேயே மரப்பலகை மாதிரி இருக்கும் ஃபைபர் சிமெண்ட் பலகையை வரிசையாக அடித்து எலிவேஷனையே மாற்றிவிடலாம் என்று யோசிக்கிறார்கள்.

கூரை ஷீட்டும் சுவர்ப் பலகையும் பார்க்க வேறு வேறு. ஆனால் இரண்டும் ஒரே மனிதர் வடிவமைத்த எந்திர முறையில் பிறந்தவை. அவர் பெயர் லுட்விக் ஹாட்செக். இறந்து நூறு வருஷத்துக்கு மேல் ஆகிறது. அவர் செய்ததில் எது இன்றும் நிற்கிறது, எது ஆளைக் கொன்றது என்று பிரித்துப் பார்க்கத் தெரிந்தால், கடையில் என்ன கேட்டு வாங்க வேண்டும் என்பதும் தெரிந்துவிடும்.

பீர் ஆலை வீட்டுப் பையன்

ஹாட்செக் 1856 அக்டோபர் 9 அன்று மொராவியாவில், ஓலோமௌட்ஸ் நகரத்துக்குப் பக்கத்தில் இருக்கும் ஒரு கிராமத்தில் பிறந்தார். இன்று அது செக் குடியரசு. அன்று ஆஸ்திரியப் பேரரசு. குடும்பத் தொழில் பீர் காய்ச்சுவது. அவர் சிறுவனாக இருந்தபோதே குடும்பம் ஆஸ்திரியாவின் லின்ஸ் நகரத்துக்குக் குடிபெயர்ந்தது. அங்கும் பீர் ஆலைதான். லுட்விக்கும் அதே ஆலையில் வேலைக்குச் சேர்ந்தார்.

அப்படியே இருந்திருந்தால் வசதியாக வாழ்ந்து முடித்திருப்பார். ஆனால் முப்பது வயதைத் தாண்டிய பிறகு குடும்பத் தொழிலை விட்டு வெளியே வந்தார். தன் பங்குக்குக் கிடைத்த பணத்தை வைத்து, தனக்குக் கொஞ்சமும் பழக்கம் இல்லாத ஒரு பொருளில் இறங்கினார். அந்தப் பொருள்தான் கல்நார்.

கல்நார் என்ற தமிழ்ச் சொல்லே பாதி விளக்கத்தைச் சொல்லிவிடுகிறது. பூமிக்கடியில் கிடைக்கும் கல். ஆனால் உரித்தால் நார் நாராக வரும். அந்த நாரை நூற்கலாம், நெய்யலாம். நெருப்பில் போட்டால் எரியாது. பஞ்சு நூலிலேயே பிறந்து வளர்ந்த அருப்புக்கோட்டை நெசவாளருக்கு இது விசித்திரமாகத்தான் இருக்கும். கல்லைப் பாவு ஓட்டுவது மாதிரி! நீராவி எந்திரங்களின் காலம் அது. கொதிக்கும் குழாய்களைச் சுற்றிக் கட்டவும், மூட்டுகளை அடைக்கவும் கல்நார்க் கயிறும் துணியும் அட்டையும் எல்லா ஆலைகளுக்கும் தேவைப்பட்டன.

1893-இல் ஹாட்செக், லின்ஸுக்குத் தென்மேற்கே ஃபெக்லாபுருக் என்ற ஊருக்குப் பக்கத்தில் ஒரு பழைய காகித ஆலையை வாங்கினார். கல்நார் நூற்கும் எந்திரங்களைக் கொண்டுவந்து அங்கே நிறுத்தினார். காகிதம் செய்த எந்திரம் கல்நார் அட்டை செய்ய உதவியது. அவர் வாங்கியது நூற்பாலை இல்லை, காகித ஆலை என்பதைக் கொஞ்சம் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் நடந்தது எல்லாம் அந்த எந்திரத்தால்தான்.

கூரைக்கு என்ன செய்வது?

தொழில் ஓடியது. ஆனால் குழாய்க்குச் சுற்றுகிற கயிறு எவ்வளவு விற்றுவிடும்? ஹாட்செக்கின் கண் கூரை மேல் போனது.

அன்றைய ஐரோப்பாவில் கூரைக்குச் சரியான பொருள் இல்லை. பலகைக் கற்களும் சுட்ட ஓடுகளும் நீடித்து உழைக்கும், ஆனால் கனம். கீழே அதைத் தாங்குவதற்கே ஏகப்பட்ட மரம் வேண்டும். தகரம் துருப்பிடிக்கும். மரச் சில்லுகளும் வைக்கோலும் மலிவு, ஆனால் ஒரு பொறி பட்டால் தெருவே போய்விடும். பனை ஓலைக் கூரையில் வாழ்ந்த நம் தாத்தா பாட்டிகளுக்கு இதைச் சொல்லிப் புரியவைக்க வேண்டியதே இல்லை. கோடையில் ஒரு குடிசை பிடித்தால் காற்று வாக்கில் இருக்கும் அத்தனையும் சாம்பல்தான்.

எரியாத, துருப்பிடிக்காத, லேசான, மலிவான ஒரு தகடு. இதுதான் அவர் தேடியது. கல்நார் அட்டை எரியாது, லேசானதுதான். ஆனால் மழையில் ஊறிப்போகும். அதை இறுக்கிப் பிடிக்க ஒரு பசை வேண்டும். பல பொருட்களைக் கலந்து பார்த்தார், பல வருஷம் ஓடியது. கடைசியில் கை கொடுத்தது போர்ட்லேண்ட் சிமெண்ட்.

சிமெண்டையும் நாரையும் கலப்பது பெரிய கண்டுபிடிப்பு இல்லை. களிமண்ணில் வைக்கோல் போட்டு மிதிக்கும் எந்தக் கிராமத்து ஆளுக்கும் அந்த யோசனை வரும். சுவர் வெடிக்காமல் இருக்க வைக்கோல், தகடு உடையாமல் இருக்க நார். ஹாட்செக் செய்த காரியமே வேறு. அந்தக் கலவையைக் காகிதம் செய்யும் எந்திரத்தில் ஊற்றினார்.

அந்த எந்திரம் எப்படி வேலை செய்கிறது?

ஒரு தொட்டியில் கஞ்சி மாதிரி நீர்த்த கலவை. தண்ணீரே அதிகம், அதில் சிமெண்டும், சுமார் பத்தில் ஒரு பங்கு நாரும். தொட்டிக்குள் சல்லடையால் ஆன ஓர் உருளை சுற்றிக்கொண்டே இருக்கும். தண்ணீர் சல்லடை வழியாக உள்ளே வடிந்துவிட, நார் மட்டும் சல்லடையின் வெளிப்பக்கம் வலை மாதிரி படியும். அந்த வலையில் சிமெண்ட் துகள்கள் சிக்கிக்கொள்ளும். நார் இல்லாவிட்டால் சிமெண்டும் தண்ணீரோடு வடிந்து போய்விடும்.

உருளையின் மேல் ஒரு கம்பளிப் பட்டை ஓடும். சல்லடையில் படிந்த மெல்லிய ஏட்டை அது ஒற்றி எடுத்துக்கொள்ளும், பால் ஏட்டைக் கரண்டியில் எடுப்பது போல. ஏட்டின் கனம் அரை மில்லிமீட்டர்கூட வராது. பட்டை அதை எடுத்துப் போய் ஒரு பெரிய இரும்பு உருளையில் சுற்றிவிடும். சுற்றுக்கு ஓர் ஏடு. ஏட்டின் மேல் ஏடு ஏறிக்கொண்டே போகும். தேவையான கனம் வந்ததும் குறுக்கே ஒரு வெட்டு. உருளையிலிருந்து ஈரப் பாய் மாதிரி விரிந்து வரும். அப்போது அதை அலை அலையாக வளைக்கலாம், பலகையாகவே விடலாம், மரத்தின் ரேகையைப் பதிக்கலாம். பிறகு இறுகிக் கல்லாகிவிடும்.

இந்த முறைக்கு 1901-இல் ஆஸ்திரியாவில் காப்புரிமை கிடைத்தது. ஹாட்செக் முறை, ஹாட்செக் எந்திரம் என்று இன்றும் உலகம் முழுக்க அதே பேர்தான். உள்ளே என்ன நார் போடுகிறார்கள் என்பது மாறியிருக்கிறது, எந்திரத்தின் அடிப்படை மாறவில்லை.

பெயர் வைத்ததும் பெருகியதும்

தன் தகட்டுக்கு அவர் எடர்னிட் என்று பெயர் வைத்தார். நிலையானது, அழியாதது என்ற பொருள் தரும் லத்தீன் சொல்லிலிருந்து எடுத்த பெயர். வியாபாரப் பெயராக இதைவிடப் பொருத்தமாக ஒன்று கிடைத்திருக்காது. அது எவ்வளவு பயங்கரமாகப் பலிக்கப் போகிறது என்பது வேறு கதை.

எல்லா நாட்டிலும் தானே ஆலை வைக்க அவர் முயலவில்லை. உரிமத்தை விற்றார். 1903-இல் சுவிட்சர்லாந்தின் நீடருர்னனில் ஆலை வந்தது, பின்னர் பெல்ஜியம், 1907-இல் இத்தாலியின் காசாலே மோன்ஃபெராடோ. ஒவ்வோர் ஊரிலும் உள்ளூர் முதலாளி, ஆனால் அதே எந்திரம், அதே எடர்னிட் பெயர். இன்றைய ஃபிரான்சைஸ் வியாபாரத்துக்குக் கிட்டத்தட்ட அண்ணன்.

தகட்டில் பத்தில் ஒன்பது பங்கு சிமெண்ட் என்பதால், சிமெண்டை வெளியே வாங்கிக்கொண்டிருந்தால் கட்டாது என்று அவருக்குத் தெரிந்தது. க்முண்டன் ஊரில் சொந்தமாகவே சிமெண்ட் ஆலை கட்டினார். இந்தக் கணக்கு நம் பக்கத்து ஆட்களுக்குச் சட்டென்று பிடிபடும். அருப்புக்கோட்டைக்குப் பக்கத்துப் பந்தல்குடியில் வெட்டும் சுண்ணாம்புக்கல்தான் விருதுநகர் பக்கம் ஆர்.ஆர். நகர் ஆலையில் சிமெண்டாகிறது. கல் எங்கே கிடைக்கிறதோ அங்கேதான் சிமெண்ட் நிற்கும்.

பணம் சேர்ந்த பிறகு, லின்ஸ் நகரத்தில் பௌவர்ன்பெர்க் என்ற மேட்டில் பூங்கா அமைக்க வழி செய்து ஊருக்குக் கொடுத்தார். அது இன்றும் இருக்கிறது. 1914 ஜூலை 15 அன்று லின்ஸில் இறந்தார். வயது 57. இரண்டே வாரத்தில் முதல் உலகப் போர் தொடங்கியது. அவருடைய மகன் தொழிலைத் தொடர்ந்தார்.

தூசி

ஹாட்செக்கின் வாழ்க்கை அங்கே முடிகிறது. அவர் தேர்ந்தெடுத்த நாரின் கதை அங்கேதான் தொடங்குகிறது.

கல்நாரின் பலமே அதன் ஆபத்து. நார் நீளவாக்கில் பிளந்துகொண்டே போகும், கண்ணுக்கே தெரியாத அளவுக்கு. மூச்சோடு உள்ளே போனால் உடம்பால் அதைக் கரைக்க முடியாது. நுரையீரல் தழும்பேறி இறுகும். பத்து, இருபது, நாற்பது வருஷம் கழித்துகூட நுரையீரல் புற்றுநோயோ, நுரையீரலைச் சுற்றிய சவ்வில் வரும் மீசோதெலியோமா என்ற புற்றுநோயோ வரலாம். நோய் தெரியும்போது அந்த ஆள் வேலையை விட்டே பல வருஷம் ஆகியிருக்கும். அதனால்தான் ஆலை முதலாளிகளால் இத்தனை காலம் தப்பிக்க முடிந்தது.

எச்சரிக்கை இல்லாமல் இல்லை. ஹாட்செக் சோதனை செய்துகொண்டிருந்த அதே 1890-களின் கடைசியில், கல்நார்த் தூசி தொழிலாளிகளுக்குக் கெடுதல் என்று பிரிட்டன் தொழிற்சாலை ஆய்வாளர்கள் எழுதிவைத்தார்கள். 1960-இல் தென்னாப்பிரிக்காவின் சுரங்கப் பகுதியிலிருந்து மீசோதெலியோமாவுக்கும் கல்நாருக்கும் உள்ள தொடர்பு மருத்துவ ஆய்வாகவே வெளிவந்தது. அதற்குப் பிறகும் ஆலைகள் ஓடின. என் பார்வையில், 1901-இல் காப்புரிமை வாங்கியவரைவிட, 1960-க்குப் பிறகும் தெரிந்தே ஓட்டியவர்கள்தான் பெரிய குற்றவாளிகள்.

காசாலே மோன்ஃபெராடோ ஆலை 1986-இல் மூடப்பட்டது. ஆலைக்குள் வேலை பார்த்தவர்கள் மட்டும் சாகவில்லை. கணவனின் வேலை உடுப்பைத் துவைத்த மனைவிகள், ஆலைக் கழிவை வீட்டு முற்றத்தில் கொட்டி மிதித்தவர்கள், ஆலைப் பக்கமே போகாத ஊர்க்காரர்கள் என்று செத்தார்கள். சுமார் 3,000 பேர் பாதிக்கப்பட்டதாகத் தொடரப்பட்ட வழக்கில் 2012-இல் டூரின் நீதிமன்றம் நிறுவனத்தை நடத்திய இருவருக்குத் தலா 16 ஆண்டு சிறை விதித்தது. 2014-இல் இத்தாலியின் உச்ச நீதிமன்றம் காலாவதி என்று சொல்லி அந்தத் தண்டனையை ரத்து செய்தது.

ஹாட்செக்கின் சொந்த நாடான ஆஸ்திரியா 1990-இல் கல்நாரைத் தடை செய்தது. ஐரோப்பிய ஒன்றியம் முழுக்க 2005-இல் தடை. இந்தியாவில் நிலைமை பாதிக் கிணறு. நீலக் கல்நாருக்குத் தடை உண்டு. புதிய சுரங்கங்களுக்கு அனுமதி 1980-களிலேயே நின்றுவிட்டது. ஆனால் வெள்ளைக் கல்நாரை ரஷ்யா, கஜகஸ்தான், பிரேசில் நாடுகளிலிருந்து இறக்குமதி செய்து கூரை ஷீட் செய்வது சட்டப்படியே நடக்கிறது. எல்லா வகைக் கல்நாரும் புற்றுநோய் உண்டாக்கும் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் நிலைப்பாடு. 1995-இல் நம் உச்ச நீதிமன்றம், கல்நார்த் தொழிலாளியின் உடல்நலப் பதிவேட்டை வேலையில் சேர்ந்ததிலிருந்து குறைந்தது 40 ஆண்டு, அல்லது ஓய்வு பெற்ற பின் 15 ஆண்டு, எது பிந்தியதோ அதுவரை வைத்திருக்க வேண்டும் என்று உத்தரவிட்டது. நோய் எவ்வளவு காலம் பதுங்கியிருக்கும் என்பதற்கு அந்த 40 ஒன்றே போதும்.

நாரை மாற்றினார்கள், எந்திரத்தை மாற்றவில்லை

1980-களில் ஆஸ்திரேலியாவிலும் ஐரோப்பாவிலும் உற்பத்தியாளர்கள் கல்நாரைக் கைவிட்டு, மரக்கூழிலிருந்து எடுக்கும் செல்லுலோஸ் நாருக்கு மாறினார்கள். அதாவது காகிதம் செய்யும் அதே நார்! காகித ஆலையில் தொடங்கிய எந்திரம் சுற்றி வந்து காகித நாரிடமே சேர்ந்துவிட்டது. சில வகைகளில் செயற்கை இழையும் சேர்ப்பதுண்டு. சுவருக்கு வரும் பலகைகள் பெரும்பாலும் சிமெண்ட், நைசாக அரைத்த மணல், செல்லுலோஸ் மூன்றையும் சேர்த்து, நீராவி அழுத்தத்தில் வேகவைத்தவை.

எனவே கடையில் ஃபைபர் சிமெண்ட் என்று சொன்னால் மட்டும் போதாது. என்ன ஃபைபர் என்று கேளுங்கள். கல்நார் இல்லாதது என்று பலகையிலோ தயாரிப்பாளரின் தாளிலோ அச்சில் இருக்க வேண்டும். கடைக்காரர் வாய்வார்த்தையை நம்பி வாங்காதீர்கள்.

சரி, நம் செங்கல் சுவருக்கு?

பலகையைச் சுவரில் நேரடியாக ஒட்டுவதோ அறைவதோ தப்பு. சுவரில் நெட்டுக்குத்தாக ஜி.ஐ. சேனல்களை ஒன்றரையிலிருந்து இரண்டு அடி இடைவெளியில் அடித்து, அதன் மேல் பலகையைத் திருக வேண்டும். மரச்சட்டம் மலிவாக வரும் என்பார்கள். கரையான் இருக்கிற பூமியில் வேண்டாம். பலகைக்கும் சுவருக்கும் நடுவே குறைந்தது 20 மில்லிமீட்டர் சந்து வேண்டும். அடியிலும் உச்சியிலும் வலை வைத்துத் திறந்துவிட்டால் காற்று கீழே நுழைந்து மேலே போகும். மேற்குச் சுவரின் வெக்கை குறைவது இந்தக் காற்றாலும் பலகை தரும் நிழலாலும்தான். பலகை மட்டும் சூட்டைத் தடுத்துவிடாது.

பழைய சுவர் செம்மண் சாந்தில் கட்டியதாக இருந்தால் ஆங்கர் போல்ட்டைச் சாந்துச் சந்தில் போடாதீர்கள், பிடிக்காது. செங்கல்லின் நடுவில் துளை போடச் சொல்லுங்கள். நாலைந்து இடத்தில் முதலில் போட்டு, இழுத்துப் பார்த்த பிறகு மற்றதைத் தொடங்கலாம். கல்லே உதிர்கிறது என்றால் அந்தச் சுவர் பலகையைத் தாங்காது.

கரிசல் பூமியில் இன்னொரு சிக்கல். மழையில் மண் உப்பும், கோடையில் பிளக்கும், கூடவே சுவரும் வெடிக்கும். வெடிப்பின் குறுக்கே ஒரு மெல்லிய கண்ணாடித் துண்டைச் சிமெண்ட் வைத்து ஒட்டி ஐப்பசி, கார்த்திகை மழை முடியும் வரை பாருங்கள். கண்ணாடி உடைந்தால் சுவர் இன்னும் நகர்கிறது, முதலில் அஸ்திவாரத்தைக் கவனியுங்கள். உப்பு பூத்து அடிப்பக்கம் பொரிந்திருக்கும் சுவரும் அப்படித்தான். ஈரம் எங்கிருந்து ஏறுகிறது என்று பார்த்து நிறுத்தாமல் பலகையால் மூடினால், உள்ளே செங்கல் கரைவது வெளியே தெரியாது, அவ்வளவுதான். வெள்ளையடிப்பதைவிட மோசமான மறைப்பு அது.

பலகையின் அடி விளிம்பு தரையிலிருந்து அரை அடியாவது மேலே நிற்கட்டும். கீழிருந்து மேலாக, மேல் பலகை கீழ்ப் பலகையின் மேல் ஓரங்குலத்துக்குக் குறையாமல் ஏறி நிற்கும்படி அடிக்க வேண்டும். வெட்டிய விளிம்புக்கெல்லாம் பெயிண்டோ சீலரோ பூச வேண்டும். செல்லுலோஸ் தண்ணீர் குடிக்கும்.

வேலை நடக்கும்போது ஒரு விஷயத்தில் விட்டுக்கொடுக்காதீர்கள். கல்நார் இல்லாத பலகையிலும் மணல் இருக்கிறது. கட்டிங் மிஷினில் உலர்வாக அறுத்தால் பறக்கும் சிலிக்கா தூசியும் நுரையீரலைக் கெடுக்கும். தண்ணீர் விட்டு அறுக்கச் சொல்லுங்கள், வெட்டுகிறவருக்கு என்-95 முகமூடி வாங்கிக் கொடுங்கள். முகத்தில் கட்டிய துண்டு போதாது.

அதே சாக்கில் பின்பக்கத்துப் பழைய கூரையையும் பிரித்துவிடலாம் என்று கொத்தனார் சொன்னால், அதில் இருப்பது ஹாட்செக்கின் பழைய நார் என்று எடுத்துக்கொள்ளுங்கள். உடையாமல் இருக்கும் ஷீட் மேலே இருக்கிறவரை அவசரம் இல்லை. அதைச் சுரண்டாதீர்கள், துளை போடாதீர்கள். பிரித்தே ஆக வேண்டும் என்றால் நனைத்து, போல்ட்டைக் கழற்றி, முழுசாக இறக்க வேண்டும். பிள்ளைகளை அன்றைக்கு வீட்டில் வைத்திருக்கக் கூடாது. உடைந்த துண்டுகளைக் கோழிக்கூண்டுக்கும் குளியல் மறைப்புக்கும் எடுத்து வைப்பது நம் ஊர் வழக்கம். அதைச் செய்யாமல், தடித்த பிளாஸ்டிக்கில் சுற்றிக் கட்டி வைத்துவிட்டு, எங்கே ஒப்படைப்பது என்று நகராட்சியிலோ ஊராட்சியிலோ கேளுங்கள்.